ஐயத்தில் தெளிவு கண்ட அறிஞர் இப்னுல் ஹைதம்

மேல்நாட்டார் 'அல்ஹாஸன்' என்று திரித்து வழங்கும் பெயருக்குரியவர் அபூ அலீ அல் ஹஸன் இப்னுல் ஹஸன் இப்னுல் ஹைதம் என்னும் பேரறிஞர். ஹிஜ்ரி 354 அளவில், அதாவது கி.பி. 965 ஐ ஒட்டி, ஈராக்கின் தென்பகுதியிலுள்ள பஸரா நகரில் அன்னார் பிறந்தார். ஹஸன் பஸரீ (ரஹ்) அவர்களும், இலக்கண மேதை ஸீபவைஹியும், எழுத்தாளர் ஜாஹிளும் நடமாடிய மண் அது. கல்விக்கும் விவாதத்திற்கும் அங்கே குறைவிருந்ததில்லை. பள்ளிவாசல் தூண்தோறும் ஓர் ஆசிரியர், ஆசிரியர்தோறும் ஒரு கொள்கை என்றிருந்த சூழ்நிலையில், இளைஞர் ஹஸனின் உள்ளத்தில் ஒரு கலக்கம் தோன்றியது. ஒவ்வொரு கூட்டத்தாரும் தத்தம் கொள்கையே உண்மையென உறுதியாக நிற்கின்றனர். எல்லாமே உண்மையாக இருத்தல் இயலாது. அவ்வாறாயின் உண்மையை அறியும் வழி யாது?

உண்மை ஒன்றே, கருத்து வேற்றுமையெல்லாம் அதனை நாடிச் செல்லும் பாதைகளில் விளைவது என்ற முடிவுக்கு அவர் வந்ததாக, மருத்துவர்களின் வரலாற்றை எழுதிய இப்னு அபீ உஸைபிஆ பாதுகாத்துத் தந்த தன்வரலாற்றுக் குறிப்பொன்றால் அறிகிறோம். ஆகவே புலன்களால் அறியத்தக்கதும் அறிவால் ஒழுங்குபடுத்தத்தக்கதுமான பொருள்களை ஆராய்வதில் அவர் இறங்கினார். ஐயம் என்றாலே ஷைத்தானின் ஊசலாட்டம் என்று அஞ்சுவோர் நம்மில் உண்டு. விடை தேடாமல் உள்ளத்தை அரித்துக்கொண்டிருக்கும் ஐயம் வேறு. வினாவாக உருவெடுத்து விடையை நாடிப் புறப்படும் ஐயம் வேறு. மத்ரஸாக்களில் நாம் ஒவ்வொரு பாடத்தையும் மஸ்அலா மஸ்அலாவாகத்தானே ஓதுகிறோம்? மஸ்அலா என்ற சொல்லுக்குப் பொருளே வினா என்பதுதான்.

பஸராவில் இருக்கும்போதே கணிதத்தில் அவருடைய புகழ் பரவிற்று. அக்காலை மிஸ்ரு நாட்டில் பாத்திமிய்யா வம்சத்துக் கலீபா அல் ஹாக்கிம் ஆட்சி செலுத்தி வந்தார். கி.பி. 996 இல் பதினொரு வயதுச் சிறுவராக அரியணை ஏறிய இவர், ஒருபுறம் 1005 இல் தாருல் இல்ம் என்னும் அறிவகத்தை நிறுவி நூல்களைக் குவித்தவர். மறுபுறம் அமைச்சர்களையும் காஜிகளையும் கொன்று குவித்தவர். முலூக்கிய்யா என்னும் கீரையை மக்கள் உண்ணக்கூடாதெனத் தடை விதித்த விந்தையான மனிதரும் அவரே. இத்தகைய மன்னரின் செவிக்கு, நைல் நதியைத் தாம் மிஸ்ரில் இருந்தால் வெள்ளத்திலும் வறட்சியிலும் பயன்படுமாறு ஒழுங்குபடுத்த இயலும் என்று இப்னுல் ஹைதம் பஸராவிலிருந்து கூறிய செய்தி எட்டியது.

இதன்பின் நடந்ததை, கி.பி. 1248 இல் மறைந்த வரலாற்றாசிரியர் இப்னுல் கிஃப்தீ விரிவாக எழுதி வைத்துள்ளார். மன்னர் பொருளும் அழைப்பும் அனுப்பினார். அறிஞர் வந்தபோது, காஹிராவுக்கு வெளியே அல் கந்தக் என்னும் சிற்றூர்வரை தாமே சென்று எதிர்கொண்டார். வேலையாட்களோடு அறிஞர் நதியை ஒட்டித் தெற்கு நோக்கிப் பயணமானார். வழிநெடுக முற்காலத்து மிஸ்ரு மக்கள் எழுப்பிய மாபெரும் கட்டடங்களைக் கண்டார். அவற்றின் அளவும் கணக்கும் திறனும் அவரை வியக்க வைத்தன. இத்துணை அறிவும் ஆற்றலும் படைத்தவர்கள், நதியைக் கட்டுப்படுத்துதல் தம் காலத்தில் இயல்வதாயின் செய்யாது விட்டிருப்பார்களா என்ற எண்ணம் எழுந்தது. அஸ்வானுக்கு அருகே, நதி பாறைகளினூடே பாய்ந்திறங்கும் ஜனாதில் என்னும் இடத்தை அடைந்து பல முனைகளிலிருந்தும் சோதித்துப் பார்த்தார். பஸராவில் அமர்ந்து எண்ணியதற்கும் கண்முன் கண்டதற்கும் பொருந்தவில்லை. திரும்பி வந்து, தம்மால் இயலாது என்று மன்னரிடமே ஒப்புக்கொண்டார். (அதே அஸ்வானில் பேரணை கட்டி முடிக்கப்பட்டது 1970 இல்தான், அதற்கு வெடிமருந்தும் இயந்திரங்களும் தேவைப்பட்டன.)

இந்த நிகழ்ச்சியைப் பலர் தோல்விக் கதையாகச் சொல்கின்றனர். நாம் அவ்வாறு கருதவில்லை. அறிவியலார் இன்று கருதுகோள் என்று அழைப்பது இதனைத்தான். ஒரு வினா எழுகிறது: இந்த நதியைத் தடுத்துத் தேக்க இயலுமா? அறிந்தவற்றைக் கொண்டு ஒரு விடையைத் தற்காலிகமாக முன்வைக்கிறோம்: நதி உயரமான இடத்திலிருந்து இறங்குகிறது, ஆகவே அங்கே தடுக்கலாம். அந்த விடை உண்மையாயின் அவ்விடத்தின் அமைப்பு இன்னவாறு இருக்க வேண்டும். இல்லையாயின் விடை தவறு. இவ்வாறு தவறாகக்கூடிய வாய்ப்பைத் தன்னுள்ளேயே வைத்துக்கொண்டு சோதனைக்குப் புறப்படுவதுதான் கருதுகோள். எப்படிப் பார்த்தாலும் பிழையாகவே முடியாது என்றபடி அமைந்த பேச்சு கருதுகோளாகாது. அது குறிகாரனின் வாக்கு. தலை போகும் என்று தெரிந்த மன்னரின் முன்னிலையில், தம் கருதுகோள் பொய்த்தது என்று கூறுவதற்கு எத்துணைத் துணிவு வேண்டும்!

அல் ஹாக்கிம் அப்போதைக்கு ஒன்றும் செய்யவில்லை. அரசாங்க அலுவலகத்தில் ஒரு பதவியும் தந்தார். ஆனால் அந்த மன்னரின் கருணையும் கோபமும் எப்போது இடம் மாறும் என்பதை யாரும் அறியார். மறுத்தால் ஆபத்து, ஏற்றாலும் ஆபத்து என்ற நிலையில் அறிஞர் பித்துப் பிடித்தவர் போல நடித்தார் என்றும், அவருடைய உடைமைகள் கைப்பற்றப்பட்டு, காவலர் நியமிக்கப்பட்டு, வீட்டினுள்ளேயே அடைத்து வைக்கப்பட்டார் என்றும் இப்னுல் கிஃப்தீ எழுதுகிறார். கி.பி. 1021 இல் ஓர் இரவு முகத்தம் மலைப்பக்கம் சென்ற அல் ஹாக்கிம் திரும்பி வரவேயில்லை. அவர் மறைவு உறுதியான பின்னரே அறிஞரின் பித்தும் தெளிந்தது!

இனி அன்னாரின் பெயரை நிலைநாட்டிய 'கிதாபுல் மனாளிர்' என்னும் நூலுக்கு வருவோம். ஏழு பாகங்களைக் கொண்ட இப்பெருநூல் ஒரே ஒரு வினாவிலிருந்து கிளம்புகிறது: நாம் எவ்வாறு காண்கிறோம்?

அவருக்கு முன்னர் இதற்கு இரு வகை விடைகள் இருந்தன. யூக்ளிட், தாலமி முதலிய கணித மேதைகள், கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுச் சென்று பொருளைத் தீண்டுவதால் காட்சி உண்டாகிறது என்றனர். நம்மவரான அல் கிந்தியும் அக்கருத்தையே ஆதரித்தார். அரிஸ்டாட்டில் வழிவந்த தத்துவ அறிஞர்களோ, பொருளின் வடிவமே கண்ணை வந்தடைகிறது என்றனர். முதற்சாரார் கோடும் கோணமும் வரைந்து கணக்கிட்டனர். ஆயினும் விண்மீன்வரை ஒரு கதிர் இமைப்பொழுதில் எவ்வாறு எட்டும் என்பதை விளக்கவில்லை. இரண்டாம் சாரார் இயற்கைக்கு ஒத்ததைச் சொன்னார்கள். ஆனால் கணக்கிட வழி காட்டவில்லை. இருவரும் பல நூற்றாண்டுகளாக ஒருவரையொருவர் மறுத்துக்கொண்டிருந்தனர்.

இப்னுல் ஹைதம் எந்தச் சாராரோடும் சேர்ந்து வாதிடப் புறப்படவில்லை. அப்பெருவினாவைச் சிறுசிறு வினாக்களாகப் பிரித்தார். இங்கேதான் அவருடைய தனித்திறன் விளங்குகிறது. நாம் எவ்வாறு காண்கிறோம் என்ற வினாவை நேராக எந்தச் சோதனையிலும் வைத்துப் பார்க்க இயலாது. ஆனால், பேரொளி கண்ணைத் தாக்குகிறதா என்று வினவினால் விடை காணலாம். சூரியனை உற்று நோக்கினால் கண் நோகிறது. பார்வையை விலக்கிய பின்னும் அதன் சாயல் சற்றுநேரம் கண்ணில் நிற்கிறது. ஆகவே வெளியிலிருந்து வரும் ஒளி கண்ணில் ஏதோ ஒன்றைச் செய்கிறது. ஒளி நேர்க்கோட்டில் செல்கிறதா என்பது அடுத்த வினா. நேரான குழாயின் வழியே நோக்கி, குழாயின் வாயில் ஒரு பகுதியை மறைத்து, எவ்வளவு மறைத்தோமோ அவ்வளவே காட்சியும் மறைகிறது என்று கண்டார்.

பல திசைகளிலிருந்து வரும் ஒளிகள் காற்றில் ஒன்றோடொன்று கலந்துவிடுமா என்பது மற்றொரு வினா. இதற்கு அவர் செய்த சோதனையை நம் இல்லங்களிலும் செய்து பார்க்கலாம். இருட்டறை ஒன்றின் வாயிலில் சிறு துளை ஒன்றை மட்டும் விட்டு, வெளியே பல விளக்குகளை வெவ்வேறு இடங்களில் ஏற்றி வைத்தார். உள்ளே துளைக்கு எதிரான சுவரில், விளக்குகள் எத்தனையோ அத்தனை ஒளித்திட்டுகள் தனித்தனியே விழுந்தன. ஒரு விளக்கை மறைத்தால் அதற்குரிய திட்டு மட்டும் மறைந்தது. திரையை நீக்கினால் அதே இடத்தில் மீண்டும் தோன்றியது. ஒளிகள் கலப்பனவாக இருந்தால் அச்சிறு துளையிலேயே கலந்திருக்க வேண்டும். கலக்கவில்லை.

இவ்வாறு சோதித்தறிவதற்கு அவர் பயன்படுத்திய சொல் இஃதிபார் என்பதாகும். திருக்குர்ஆனில் ஹஷ்ர் அத்தியாயத்தின் இரண்டாம் வசனத்தில், பார்வையுடையோரை நோக்கிப் படிப்பினை பெறுமாறு இறைவன் பணிக்கும் சொல்லும் இதே மூலத்திலிருந்து வந்ததே. நம் உஸூல் கலை அறிஞர்கள் கியாஸுக்கு ஆதாரமாகக் காட்டும் வசனமும் அதுதான். கண்டதிலிருந்து காணாததற்குக் கடந்து செல்லுதல் என்ற கருத்து அச்சொல்லில் அடங்கியுள்ளது. ஒளியைப் பற்றிய நூலுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் கிடைத்தல் அரிது.

(சொல்லைப் பற்றிப் பேசும்போது ஒன்று. கேமரா என்ற சொல் அரபியிலிருந்து வந்ததென்றும், இப்னுல் ஹைதமின் இருட்டறையே அதன் மூலமென்றும் மேடைகளில் சொல்லக் கேட்கிறோம். கேமரா என்பது அறையைக் குறிக்கும் லத்தீன் சொல். இல்லாத பெருமையைச் சேர்த்துச் சொல்ல வேண்டிய வறுமை அன்னாருக்கு இல்லை.)

சிறு வினாக்களுக்குக் கிடைத்த விடைகளையெல்லாம் ஒன்றுசேர்த்து அவர் எழுப்பிய கட்டடமே கோட்பாடு எனப்படுவது. ஒளிரும் பொருளின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் எல்லாத் திசைகளிலும் ஒளி நேர்க்கோட்டில் பரவுகிறது. அது கண்ணை அடைவதாலேயே காட்சி உண்டாகிறது. கண்ணிலிருந்து கதிர் புறப்படுகிறது என்றே வைத்துக்கொண்டாலும், அது பொருளிலிருந்து எதையேனும் கொண்டுவந்து சேர்த்தால்தான் காட்சி நிகழும். அவ்வாறு வந்து சேர்வதே காரணமாயிருக்க, புறப்பட்டுச் சென்ற கதிர் எதற்கு? கணித மேதைகளின் கோடுகளை அவர் வைத்துக்கொண்டார். அவை செல்லும் திசையை மட்டும் மாற்றிவிட்டார். இரு சாராருடைய உண்மையும் ஓரிடத்தில் வந்து பொருந்தின.

இங்கே நம் வீடுகளில் வழங்கும் ஒரு பேச்சைக் குறிப்பிட வேண்டும். பள்ளியில் பயிலும் பிள்ளை ஒரு கோட்பாட்டைச் சொன்னால், அது வெறும் ஊகந்தானே என்று பெரியவர்கள் ஒதுக்கிவிடுகின்றனர். ஊகம் கருதுகோளின் தொடக்கமாகலாம், கோட்பாடு அவ்வாறன்று. சோதனையில் தேறிய பல விடைகளை ஒரே இழையில் கோத்து, அவை ஏன் அவ்வாறு உள்ளன என்று காரணம் காட்டுவது கோட்பாடு. இதற்கு நேர்மாறான மற்றொரு தவறும் நம்மிடையே உண்டு. அது எமக்கு இன்னும் கவலை தருகிறது. இன்னும் சோதனையில் தேறாத ஏதோ ஒரு கருதுகோள் செய்தித்தாளில் வெளிவந்த உடனே, இது எங்கள் வேதத்தில் முன்பே உள்ளது என்று ஒரு வசனத்தை அதனோடு முடிச்சுப் போடுகிறோம். பத்தாண்டு கழித்து அக்கருதுகோள் பொய்த்துப்போனால், கேட்ட இளைஞனின் உள்ளத்தில் எதன் மீது ஐயம் விழும்? அறிவியலாரே உறுதி கூறாத ஒன்றின் சுமையை இறைவேதத்தின் மீது ஏற்றுவதற்கு நமக்கு உரிமை தந்தவர் யார்? அதனை ஆராய்ந்தவரே மாற்றிக்கொள்ள ஆயத்தமாயிருக்க, நாம் ஆணியடித்து நிறுத்துகிறோம்.

இப்னுல் ஹைதமின் கோட்பாடும் எழுந்தவுடனேயே ஒரு புதிய வினாவைப் பெற்றெடுத்தது. பொருளின் எல்லாப் புள்ளிகளிலிருந்தும் ஒளி எல்லாத் திசைகளிலும் வருமாயின், கண்ணின் ஒவ்வோர் இடத்திலும் எல்லாப் புள்ளிகளின் ஒளியும் வந்து விழும். அவ்வாறாயின் காட்சி குழம்பிப் போகாமல் தெளிவாயிருப்பது எப்படி? பழைய கொள்கையினருக்கு இந்த வினா தோன்றியிருக்கவே முடியாது. கோட்பாடு இருந்தால்தான் கேட்கத் தோன்றும் வினாக்கள் உண்டு, இது அத்தகையது. அதற்கு அவர் ஒரு கருதுகோளை முன்வைத்தார்: கண்ணின் பரப்பில் நேர்க்குத்தாக விழும் கதிர் வளையாமல் உட்செல்கிறது, சாய்ந்து விழுவன முறிந்து வலுக்குன்றுகின்றன, நேர்க்குத்தான கதிர்களே தெளிந்த காட்சியைத் தருகின்றன. முறிந்த கதிர்களுக்கும் காட்சியில் பங்குண்டு என்று ஏழாம் பாகத்தில் தாமே இதனைத் திருத்தி விரித்தார். நான்கு முதல் ஆறுவரையுள்ள பாகங்களில் கண்ணாடிகளின் பிரதிபலிப்பையும், ஏழாம் பாகத்தில் ஒளி முறிவையும் அவர் ஆராய்ந்ததெல்லாம் அந்த ஒரு கோட்பாடு ஈன்ற வினாக்களே.

கிரகணத்தைப் பற்றி அவர் எழுதிய சிறுநூல் வினா கேட்கும் கலைக்கு நல்ல சான்று. சூரிய கிரகணத்தின்போது சிறு துளையின் வழியே விழும் ஒளி பிறைபோல வளைந்து தோன்றுவது பலரும் அறிந்ததே. ஆனால் பிறைச்சந்திரனின் ஒளி அதே துளையின் வழியே விழும்போது பிறையாகத் தோன்றுவதில்லை. இது ஏன் என்று வினவினார். துளையின் அளவுக்கும் தூரங்களுக்கும் உள்ள விகிதத்தைக் கணக்கிட்டு, துளை மிகச் சிறியதாயிருக்கும்போதே வடிவம் தெளியும், பெரிதாகப் பெரிதாக வடிவம் மாறிவிடும் என்று காட்டினார்.

தாலமியின் மீது எழுப்பிய ஐயங்களைத் தொகுத்து 'ஷுகூக்' என்ற தனிநூலே எழுதினார். கோள்களின் இயக்கத்தைத் தாலமி கணித்த விதம் வானில் காண்பதோடு பொருந்தியது. ஆயினும், தன் மையத்தைச் சுற்றாமல் வேறொரு புள்ளியைச் சுற்றி ஒரே சீராகச் சுழலும் வட்டம் என்று அவர் வைத்துக்கொண்டது எந்த உண்மைப் பொருளுக்கும் இயலாதது என்று மறுத்தார். கணக்குச் சரியாக வந்துவிட்டால் போதாது, அடிப்படையும் நிகழக்கூடியதாக இருக்க வேண்டும் என்பது அவர் வாதம். உண்மையை நாடுவோன் முன்னோர் நூல்களை நன்னம்பிக்கையோடு ஏற்பவன் அல்லன், அவற்றைத் தன் எதிரியாக நிறுத்திச் சோதிப்பவன் என்ற கருத்தை அந்நூலின் முகப்பில் வைத்தார். அவ்வாறு சோதிக்கும்போது தன்னையும் ஐயுற வேண்டுமென்றும் சேர்த்தார். தாலமிக்கு மாற்றான அமைப்பை அவரால் தர இயலவில்லை. அந்த வினாவை நஸீருத்தீன் தூஸீயும், பின்னர் திமிஷ்கு உமய்யா பள்ளிவாசலில் தொழுகை நேரங்களைக் கணிக்கும் பணியிலிருந்த இப்னுஷ் ஷாதிரும் மேற்கொண்டு சென்றனர்.

இறுதிக்காலத்தில் அன்னார் அல் அஸ்ஹர் பள்ளிவாசலின் அருகே எளிய வாழ்வு வாழ்ந்தார். ஆண்டுதோறும் யூக்ளிடின் நூலையும், தாலமியின் மஜிஸ்தியையும், இடைநிலைக் கணித நூல்களையும் தம் கையால் பிரதி எடுத்து நூற்றைம்பது தீனாருக்கு விற்று, அதைக் கொண்டே ஆண்டு முழுவதும் வாழ்ந்தார் என்கிறார் இப்னுல் கிஃப்தீ. எந்தத் தாலமியை வரிக்கு வரி மறுத்தாரோ, அந்தத் தாலமியை எழுத்துக்கு எழுத்து பிழையின்றிப் பிரதி எடுத்தார்! ஹிஜ்ரி 430 ஐ ஒட்டி, கி.பி. 1040 அளவில் காஹிராவில் வஃபாத்தானார்.

கிதாபுல் மனாளிர் கி.பி. 1200 ஐ ஒட்டி லத்தீனில் பெயர்க்கப்பட்டு, 1572 இல் பாஸல் நகரில் அச்சேறியது. கிழக்கே அதனைத் தேடிப்பெற்றவர் பாரசீகத்து கமாலுத்தீன் அல் ஃபாரிஸீ. ஒளி முறிவைப் பற்றி ஐயம் கேட்ட இம்மாணவருக்கு, ஆசிரியர் குத்புத்தீன் ஷீராஸீ, தாம் இளமையில் கண்ட அந்நூலின் பிரதியைத் தொலைதூரத்திலிருந்து வரவழைத்துத் தந்தார். வானவில்லைப் பற்றி இப்னுல் ஹைதம் கொண்டிருந்த கருதுகோள், மேகம் குழிந்த கண்ணாடிபோல நின்று சூரிய ஒளியைத் திருப்புகிறது என்பது. ஃபாரிஸீ கண்ணாடிக் கோளம் ஒன்றில் நீர் நிரப்பி அதை ஒரு பெரிய மழைத்துளியாகக் கொண்டு, இருட்டறையில் ஒளியைப் பாய்ச்சிப் பார்த்தார். துளியினுள் ஒருமுறை முறிந்து, உட்சுவரில் ஒருமுறை திரும்பி, மீண்டும் முறிந்து வெளிப்படுவதால் வானவில் தோன்றுகிறது என்று கண்டார். ஆசானின் இருட்டறையையும் ஆசானின் முறையையும் கொண்டே ஆசானின் கருதுகோளை வீழ்த்தினார். அவர் மறைந்தது கி.பி. 1319 அளவில், ஏறத்தாழ அதே காலத்தில் ஜெர்மனியில் தியோடரிக் என்ற துறவியும் அவரை அறியாமலே அதே முடிவை எட்டியிருந்தார்.

நேர்க்குத்தான கதிர் பற்றிய கருதுகோளும் நிலைக்கவில்லை. ஒரு புள்ளியிலிருந்து வரும் கதிர்கள் எல்லாவற்றையும் கண்ணின் வில்லை ஒன்றுகூட்டி, பின்னாலுள்ள விழித்திரையில் ஒரே புள்ளியாகச் சேர்க்கிறது என்று 1604 இல் கெப்ளர் நிறுவினார். காட்சியை உணரும் உறுப்பு கண்ணின் நடுவிலுள்ள வில்லையே என்று இப்னுல் ஹைதம் எண்ணியதும் அதனோடு சரிந்தது. ஆனால் பொருளின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் ஒளி வந்து கண்ணை அடைகிறது என்ற கோட்பாடு சரியவில்லை. கெப்ளர் கட்டியதெல்லாம் அதன்மேல்தான்.

அவர் எழுப்பிய வினாக்களில் ஒன்று ஒவ்வொரு மாதமும் நம் கண்முன் வருகிறது. முழுநிலா அடிவானத்தில் எழும்போது அத்துணைப் பெரிதாகவும், உச்சிக்கு ஏறியபின் சிறிதாகவும் தோன்றுவது ஏன்? அடிவானத்து ஈரக்காற்றின் ஊடே பார்ப்பதால் என்று தாலமி ஒரு காரணம் கூறியிருந்தார். நிலாவின் அளவு மாறவில்லை, அதன் தூரத்தை மனம் மதிப்பிடும் விதமே மாறுகிறது, இடையிலுள்ள நிலப்பரப்பும் மரங்களும் அதனைத் தொலைவில் வைத்துக் காட்டுகின்றன என்று இப்னுல் ஹைதம் விளக்கினார். கையை நீட்டிச் சுண்டு விரல் நகத்தால் மறைத்துப் பார்த்தால், இரு வேளைகளிலும் நிலா ஒரே அளவாக மறைவதை வீட்டுக் குழந்தைகளும் காணலாம். தவறு கண்ணில் இல்லை, மதிப்பீட்டில் உள்ளது என்பதுவரை இன்றைய ஆய்வாளரும் அவரோடு உடன்படுகின்றனர். ஆனால் மனம் ஏன் அவ்வாறு மதிப்பிடுகிறது என்பதில் அவர்கள் இன்னும் ஒருமித்த விடையை எட்டவில்லை; ஆயிரம் ஆண்டு கழித்தும் புதுப்புதுக் கருதுகோள்கள் வந்துகொண்டிருக்கின்றன.